பொறியொடு பொறி பொருத வரலாறு

குன்றின்மேல் ஏறி நின்று, கீழே சமவெளியில் இரண்டு யானைகள் மோதுவதைக் காண்பவனுக்கு அச்சமில்லை, ஆபத்துமில்லை. தன் கைப்பொருளைக் கொண்டு ஒரு செயலைச் செய்பவனின் நிலைக்கு இக்காட்சியை உவமையாக்கினார் வள்ளுவப் பெருந்தகை. பொருள் ஈட்டுதலை விளக்க வந்த உவமையே அது. எனினும், தான் களத்தில் இறங்காது பிறர் பொருவதைக் கண்டு மகிழும் விருப்பம் மனிதனுக்கு எத்துணைத் தொன்மையானது என்பதற்கும் அவ்வுவமை சான்று பகர்கின்றது. யானைப்போரும் சேவற்போரும் ஆட்டுக்கிடாய்ப் போரும் கண்டவர்கள் நம் முன்னோர்.

இன்று அந்த யானைகளின் இடத்தைக் கணினிகள் பெற்றுள்ளன. கணினியில் ஆடப்படும் விளையாட்டுகளுள் போருத்தி விளையாட்டு என்பது ஒரு வகை. ஆடுபவர் விறகும் உணவும் பொன்னும் திரட்டி, ஊர் அமைத்து, படை பெருக்கி, எதிரியை வெல்ல வேண்டும். எதிரியாகக் கணினியே ஆடுவதும் உண்டு. இவ்விளையாட்டில் இரு பக்கங்களையும் கணினியிடமே ஒப்படைத்துவிட்டு, தாம் ஒன்றும் செய்யாமல் அமர்ந்து பார்ப்பவர் உலகெங்கும் பலர் உளர். இஃது என்ன வீண்வேலை என்று வினவத் தோன்றும். எனக்கும் அவ்வாறே தோன்றிற்று. அவ்வாறு எண்ணியதால் நான் செய்த பிழையொன்றே இக்கட்டுரைக்குக் காரணமாயிற்று.

சில ஆண்டுகளுக்கு முன், பள்ளி முடிந்த ஒரு நண்பகலில் கணினி அறைப் பக்கம் சென்றேன். ஆறாம் ஆண்டு மாணவன் ஒருவன் திரையை நோக்கியவாறு அமர்ந்திருந்தான். திரையில் இரண்டு படைகள் மோதிக்கொண்டிருந்தன. அவன் கைகளோ மேசைமீது கட்டியபடி இருந்தன. விசைப்பலகையை அவன் தொடவேயில்லை. "விளையாடுவதுதான் தவறு என்றால், விளையாடாமல் வேடிக்கை பார்க்கிறாயே!" என்று கடிந்துகொண்டு கணினியை அணைத்துவிட்டேன். அவன் ஒன்றும் கூறவில்லை. அருகில் கிடந்த சிறு குறிப்பேட்டை எடுத்துக்கொண்டு எழுந்து போனான். அக்குறிப்பேட்டில் என்ன இருந்தது என்பதைக் கட்டுரையின் இறுதியில் கூறுவேன். அதற்குமுன், பொறியும் பொறியும் பொருத வரலாற்றை நாம் அறிந்துகொள்ளல் வேண்டும்.

பெட்டிக்குள் இருந்த மனிதன்

பொறி ஒன்று சதுரங்கம் ஆடுவதைக் காணவேண்டும் என்னும் வேட்கை கணினிக்கு முந்தியது. 1770ஆம் ஆண்டில் வியன்னா நகரில், கெம்பலன் என்பவர் ஆஸ்திரியப் பேரரசி மரியா தெரசாவின் அவையில் ஒரு பொறியைக் காட்டினார். தலைப்பாகை அணிந்த துருக்கியர் உருவம் ஒரு பெட்டியின் பின்னே அமர்ந்து காய்களை நகர்த்தியது. எதிர்த்தவர் பலரையும் வென்றது. ஐரோப்பாவும் அமெரிக்காவும் வியந்தன. உண்மையில் பெட்டிக்குள் ஒரு மனிதர் மறைந்திருந்தார். 1854இல் பிலடெல்பியாவில் தீக்கிரையாகும்வரை அப்பொறி பல தலைமுறைகளை ஏமாற்றிற்று.

மெய்யாகவே தானே ஆடிய பொறியை 1912இல் அமைத்தவர் ஸ்பெயின் நாட்டுப் பொறியியலறிஞர் டோரஸ் கெவேடோ. அது முழு ஆட்டமும் ஆடவல்லதன்று. அரசனும் யானையும் தன் பக்கம் இருக்க, எதிரிக்கு அரசன் மட்டுமே எஞ்சிய இறுதிக் கட்டத்தை மட்டும் அது ஆடும், தவறாது வெல்லும். துருக்கியரின் பெரும் புகழுக்குப் பின்னே ஏமாற்று இருந்தது. இச்சிறு பொறியின் எளிய வெற்றிக்குப் பின்னே மெய்யறிவு இருந்தது. இவ்விரண்டையும் வேறு பிரித்தறியக் காண்பவர்க்குக் கண் மட்டும் போதாது என்பது அன்றே புலனாயிற்று.

தன்னொடு தான் ஆடிய பொறி

மின்கணினி பிறந்தபின் இவ்வேட்கை அறிவியலாயிற்று. 1950இல் அமெரிக்க அறிஞர் கிளாட் ஷானன், கணினியைச் சதுரங்கம் ஆடச் செய்வது எவ்வாறு என்பதைக் கட்டுரையாக வெளியிட்டார். அதில் அவர் இரண்டு வழிகளைக் காட்டினார். தன் நகர்வு, எதிரியின் மறுநகர்வு, மீண்டும் தன் நகர்வு என்று, இயலக்கூடிய அனைத்தையும் ஒன்றுவிடாமல் குறிப்பிட்ட ஆழம்வரை ஆராய்வது முதல் வழி. பயனுடையவை எனத் தோன்றும் சிலவற்றை மட்டும் தெரிந்தெடுத்து, அவற்றை மேலும் ஆழமாக ஆராய்வது இரண்டாம் வழி. தேர்வுக்குப் படிக்கும் மாணவருள்ளும் இவ்விரு வகையினரை நாம் காண்கிறோம் அல்லவா? பாடநூல் முழுவதையும் படிப்பவர் ஒரு சாரார். வரக்கூடிய வினாக்களை மட்டும் ஊகித்துப் படிப்பவர் மற்றொரு சாரார்.

பொறிக்கு எதிராகப் பொறியையே நிறுத்திப் பயன்கண்ட முன்னோடி ஆர்தர் சாமுவேல். செக்கர்ஸ் எனப்படும் ஆட்டத்தை நம் நாட்டில் மலாய் மொழியை ஒட்டி 'டாம்' என்பர். அவ்வாட்டத்தை ஆடும் நிரல் ஒன்றை, அதாவது கணினிக்குரிய கட்டளைத் தொகுப்பை, அவர் உருவாக்கினார். அதைப் பற்றி அவர் 1959இல் வெளியிட்ட ஆய்வு புகழ்பெற்றது. ஒரே நிரலின் இரண்டு படிகளை அவர் எதிரெதிரே ஆட வைத்தார். ஒன்றன் பெயர் ஆல்பா. மற்றதன் பெயர் பீட்டா. ஆல்பா ஆடிக்கொண்டே தன் மதிப்பீட்டு முறையைத் திருத்திக்கொள்ளும். பீட்டா மாறாமல் நிற்கும். ஆல்பா வென்றால், அதன் மதிப்பீட்டு முறையைப் பீட்டாவும் ஏற்றுக்கொள்ளும். பின்னர் ஆல்பா மேலும் முன்னேற முயலும்.

ஆசிரியப் பெருமக்கள் இவ்வமைப்பை உற்று நோக்கவேண்டும். கற்பவன் முன்னேறுகிறானா என்பதை அறிய, மாறாத அளவுகோல் ஒன்று எதிரே நிற்கவேண்டும். கற்பவன் அதனைக் கடந்தபின் அளவுகோலும் உயரவேண்டும். ஆசிரியப் பயிற்சிக் கல்லூரியில் மதிப்பீட்டியல் என்ற பெயரில் நாம் பல மாதங்கள் பயின்ற கருத்தைச் சாமுவேலின் இரு பொறிகளும் ஓசையின்றி நடத்திக் காட்டின.

தந்தி வழி நடந்த போர்

இரு நாடுகளின் நிரல்கள் எதிரெதிர் நின்று ஆடிய புகழ்மிக்க முதல் போட்டி 1966ஆம் ஆண்டு நவம்பரில் தொடங்கிற்று. ஒரு பக்கம் அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகம். மறுபக்கம் மாஸ்கோவில் இருந்த கோட்பாட்டு, செய்முறை இயற்பியல் நிறுவனம். அமெரிக்க நிரல், ஆலன் கோட்டாக் என்பவர் மாணவராக இருந்தபோது உருவாக்கத் தொடங்கியது. பின்னர் ஜான் மெக்கார்த்தியின் துணையோடு வளர்ந்தது. 'செயற்கை நுண்ணறிவு' என்னும் தொடரை ஆங்கிலத்தில் ஆக்கி வழங்கியவர் இந்த மெக்கார்த்தியே. சோவியத் நிரலை ஆக்கிய குழுவில் அடெல்சன் வெல்ஸ்கி, அர்லசாரோவ் முதலிய கணித வல்லுநர் இருந்தனர்.

அந்நாளில் இரு வல்லரசுகளுக்கிடையே பனிப்போர் நிலவியது. ஏவுகணைகளை எதிரெதிரே நிறுத்தியிருந்த இரு நாடுகள், சதுரங்க நகர்வுகளைத் தந்தி வழியே பரிமாறிக்கொண்டன. மொத்தம் நான்கு ஆட்டங்களே. முடிவதற்கு ஏறத்தாழ ஒன்பது மாதங்கள் ஆயின. சோவியத் நிரல் இரண்டு ஆட்டங்களில் வென்றது. இரண்டு ஆட்டங்கள் வெற்றி தோல்வியின்றி முடிந்தன. மூன்றுக்கு ஒன்று என்னும் புள்ளிக் கணக்கில் மாஸ்கோ வாகை சூடிற்று.

இவ்வெற்றியின் காரணமே நாம் கற்கவேண்டியது. அமெரிக்க நிரல் ஷானன் காட்டிய இரண்டாம் வழியைப் பின்பற்றியது. தேர்ந்த சில நகர்வுகளை மட்டுமே ஆராய்ந்தது. அவ்வாறு தேரும்போது நல்ல நகர்வுகளும் சில வேளைகளில் கழிக்கப்பட்டன. சோவியத் நிரல் முதல் வழியைப் பின்பற்றியது. மூன்று நகர்வு ஆழம்வரை மட்டும் நோக்கிய இரு ஆட்டங்களிலும் அதனால் வெல்ல இயலவில்லை. ஐந்து நகர்வு ஆழம்வரை நோக்கிய இரு ஆட்டங்களிலும் அது வென்றது. எது தேவையற்றது என்று முன்கூட்டியே முடிவு செய்வது எத்துணை இடர் மிக்கது என்பதை இப்போட்டி உலகுக்கு உணர்த்திற்று. கணினியை அணைத்த என் கை இவ்வரலாற்றை அப்போது அறிந்திருக்கவில்லை.

நியூயார்க்கும் ஸ்டாக்ஹோமும்

தந்தியில் நடந்த போரைக் கண்டவர் மிகச் சிலரே. காண்போர் கூடிய களம் 1970இல் அமைந்தது. கணினியாளர் சங்கம் நியூயார்க்கில் கூடிய ஆண்டு மாநாட்டில் ஆறு நிரல்கள் கலந்துகொண்ட சதுரங்கப் போட்டி நடந்தது. அக்காலக் கணினி அறை நிறைய இடம் கொள்ளும் பெரும்பொறி. அதை விடுதிக் கூடத்திற்குத் தூக்கி வர இயலாது. ஆகவே நிரலாளர்கள் பலகையின்முன் அமர்ந்தனர். எங்கோ தொலைவிலிருந்த தம் கணினிக்குத் தொலைபேசி வழியாக எதிரியின் நகர்வைத் தெரிவித்தனர். விடை வந்ததும் காயை நகர்த்தினர். மனிதன் பொறியின் கையாக மாறிய காட்சி அது. நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழகத்து மாணவர்கள் ஆக்கிய நிரல் அங்கு முதலிடம் பெற்றது.

1974இல் சுவீடன் நாட்டின் ஸ்டாக்ஹோம் நகரில் முதலாவது உலகக் கணினிச் சதுரங்கப் போட்டி நடைபெற்றது. பதின்மூன்று நிரல்கள் பொருதன. மாஸ்கோவிலிருந்து வந்த 'கைஸ்ஸா' ஆடிய நான்கு ஆட்டங்களிலும் வென்று உலக வாகை சூடிற்று. கைஸ்ஸா என்பது சதுரங்கத்தின் தேவதைக்கு வழங்கும் பெயர். அப்பெயரில் கவிதை புனைந்த வில்லியம் ஜோன்ஸே பிற்காலத்தில் வடமொழி கற்று, 1784இல் கல்கத்தாவில் ஆசியக் கழகத்தை நிறுவியவர் என்பது ஈண்டு நினைவுகூரத்தக்கது. சதுரங்கம் பிறந்த மண்ணோடு இப்பெயருக்கு இவ்வாறு ஒரு தொடர்பு அமைந்தது.

டொராண்டோவில் ஒரு பாடம்

இவ்வரலாற்றில் என் நெஞ்சைப் பெரிதும் கவர்ந்த நிகழ்ச்சி 1977இல் கனடா நாட்டின் டொராண்டோ நகரில் நடந்தது. இரண்டாவது உலகப் போட்டி அது. பதினாறு நிரல்கள் வந்திருந்தன. முதற்சுற்றிலேயே வாகையராகிய கைஸ்ஸா, அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த 'டச்சஸ்' என்னும் நிரலை எதிர்கொண்டது.

முப்பத்து நான்காம் நகர்வில் டச்சஸ் தன் அரசியைக் கொண்டு கைஸ்ஸாவின் அரசனைத் தாக்கிற்று. அரசனை ஒரு கட்டம் விலக்கிக்கொண்டால் போதும் என்றே அனைவருக்கும் தோன்றிற்று. கைஸ்ஸாவோ அவ்வாறு செய்யவில்லை. தன் யானையைக் குறுக்கே கொண்டுவந்து நிறுத்திற்று. டச்சஸ் அந்த யானையை எவ்வித இழப்புமின்றி வெட்டிக்கொண்டது. கூடியிருந்தோர் திகைத்தனர். பொறியில் ஏதோ பழுது என்றனர். நிரலில் பிழை என்றனர். பார்வையாளருள் ஒருவர் உலக வாகையராகப் பல ஆண்டுகள் விளங்கிய மிகையில் போட்வின்னிக். மின்பொறியியல் வல்லுநராகிய அவர் தாமே சதுரங்க நிரல் ஒன்றை உருவாக்க முனைந்திருந்தவர். அவர் கண்ணுக்கும் அந்நகர்வின் காரணம் தென்படவில்லை. கைஸ்ஸா அவ்வாட்டத்தில் தோற்றது.

பின்னர் நிரலாளர்கள் கைஸ்ஸாவிடமே அந்நிலையைக் கொடுத்து ஆராய்ந்தனர். அனைவரும் எதிர்பார்த்தபடி அரசனை விலக்கியிருந்தால் என்ன நேர்ந்திருக்கும்? டச்சஸ் தன் அரசியையே பலியாகக் கொடுத்திருக்கும். அப்பலியைக் கைஸ்ஸாவின் அரசன் ஏற்றேயாகவேண்டும். அடுத்து டச்சஸின் மந்திரி வந்து தாக்கும். அதன்பின் யானை வரும். ஒரு சில நகர்வுகளில் கைஸ்ஸாவின் அரசன் தப்ப வழியின்றிச் சிறைப்பட்டிருப்பான். உடனடி அழிவைத் தவிர்க்கும் பொருட்டே அது தன் யானையை இழந்தது. உலக வாகையரும் வல்லுநர் கூட்டமும் காணாத ஒன்றை அது கண்டிருந்தது.

ஆசிரியத் தோழர்களே, இந்நிகழ்ச்சியில் இரண்டு உண்மைகள் உள. முதலாவது, கைஸ்ஸா கண்டதைக் கூற அதற்கு வாயில்லை. நகர்வை மட்டுமே அது காட்டிற்று, காரணத்தைக் கூறவில்லை. இரண்டாவது, கண்டவர்களுள் யாரும் முதலில் காரணம் கேட்கவில்லை. பிழை என்றே தீர்ப்பளித்தனர். வினவிய பின்னரே உண்மை வெளிப்பட்டது. நம் வகுப்பறையில் கணக்கின் விடையை வேறு வழியில் எழுதும் மாணவனும், கட்டுரையில் எதிர்பாராத தொடரை அமைக்கும் மாணவியும் இக்கைஸ்ஸாவைப் போன்றவர்கள் அல்லரா? ஒன்பது வயதுக் குழந்தைக்குத் தன் வழியை விளக்கச் சொல் வருவதில்லை. நம் கையிலோ சிவப்பு மை ஆயத்தமாக இருக்கின்றது.

கூட்டுறவே வென்ற போட்டி

பலகையும் காயும் இல்லாத போட்டி ஒன்றும் இவ்வரலாற்றில் இடம்பெறத்தக்கது. மிச்சிகன் பல்கலைக்கழகத்து அரசியலறிஞர் ராபர்ட் ஆக்சல்ராட் ஒரு புதுமையான போட்டியை நடத்தி, அதன் முடிவுகளை 1980இல் வெளியிட்டார். இரு நிரல்கள் எதிரெதிர் நிற்கும். ஒவ்வொரு முறையும் ஒவ்வொன்றும் 'ஒத்துழைப்பேன்' என்றோ 'ஏமாற்றுவேன்' என்றோ முடிவு செய்யவேண்டும். இருவரும் ஒத்துழைத்தால் இருவர்க்கும் நன்மை. ஒருவர் மட்டும் ஏமாற்றினால் அவருக்குப் பெரும் பயன். இருவரும் ஏமாற்றினால் இருவர்க்கும் தாழ்வு. இவ்வாறு இருநூறு முறை தொடரும்.

அறிஞர் பதினால்வர் நிரல்கள் அனுப்பினர். அவற்றுள் நுட்பமான சூழ்ச்சிகள் நிறைந்தவை பல. வென்றதோ அனைத்தினும் எளிய நிரல். கனடாவில் பணியாற்றிய அனடோல் ராப்பபோர்ட் அனுப்பிய அந்நிரல் முதலில் ஒத்துழைக்கும்; அதன்பின் எதிரி சென்ற முறை செய்ததையே தானும் திருப்பிச் செய்யும். இம்முடிவை அறிந்தபின் நடந்த இரண்டாம் போட்டிக்கு அறுபத்திரண்டு நிரல்கள் வந்தன. மீண்டும் அதுவே வென்றது. தனி ஆட்டம் எதிலும் அந்நிரல் எதிரியைவிட மிகுதியான புள்ளி பெறுவதில்லை. எனினும் ஆட்டங்கள் அனைத்தையும் கூட்டிப் பார்த்தால் அதுவே முதலிடத்தில் நின்றது. ஓர் ஆட்டத்தை மட்டும் கண்டவன் அதனைத் தோற்றுப்போன நிரல் என்றே கூறியிருப்பான். ஒரு நாள் தேர்வைக் கொண்டு ஒரு பிள்ளையை அளப்பவரும் இதனை எண்ணிப் பார்த்தல் நலம்.

திரையில் எழுந்த போர்க்களம்

இனி நம் மாணவர் நன்கறிந்த களத்துக்கு வருவோம். சதுரங்கத்தில் இருவர் மாறிமாறி ஆடுவர். பலகை முழுவதும் இருவர் கண்ணுக்கும் தெரியும். கணினித் திரையில் எழுந்த போருத்தி விளையாட்டில் இவ்விரண்டும் இல்லை. இரு பக்கமும் ஒரே வேளையில் இயங்கும். தன் படை நிற்கும் இடத்தைச் சுற்றியுள்ள நிலம் மட்டுமே தெரியும். பிற பகுதிகளை மூடுபனி மறைத்திருக்கும். ஆகவே ஒற்றறிதலும் இன்றியமையாததாகின்றது.

1998இல் வெளிவந்த ஸ்டார்கிராஃப்ட் இவ்வகையில் பெரும்புகழ் பெற்றது. நிரலாளர் தாம் எழுதிய நிரலை இவ்விளையாட்டோடு இணைத்து ஆடச் செய்ய ஓர் இணைப்புக் கருவி பின்னாளில் உருவானது. அதன் துணையால் 2010இல் அமெரிக்காவில், கணினி விளையாட்டுகளுக்கான செயற்கை நுண்ணறிவு மாநாட்டையொட்டி, நிரல்கள் மட்டுமே பொருத போட்டி நடந்தது. கலிபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகக் குழுவினரின் 'ஓவர்மைண்ட்' என்னும் நிரல் வென்றது. மறு ஆண்டிலேயே, சுலோவாக்கியா நாட்டின் பிராட்டிஸ்லாவா நகரத்துக் கொமேனியஸ் பல்கலைக்கழகத்தில் மாணவர்க்கென ஸ்டார்கிராஃப்ட் நிரல் போட்டி தொடங்கப்பெற்றது. கற்பித்தல் கலைக்கு வழிவகுத்த கொமேனியஸ் பெருமகனாரின் பெயர் தாங்கிய பல்கலைக்கழகத்தில், மாணவர்தம் நிரல்கள் பொருதது பொருத்தமே. அவ்வாட்டங்கள் இணையம் வழி இடைவிடாது ஒளிபரப்பப்பட்டன. போர்க்களம் பரந்தது, எங்கே முதன்மையான நிகழ்ச்சி நடக்கிறதோ அங்கே காட்சியைத் திருப்பவும் ஒரு நிரல் அமர்த்தப்பட்டது. ஆடுவது நிரல், காட்டுவதும் நிரல், காண்பது மட்டுமே மனிதன் என்னும் நிலை வந்தது.

1999இல் வெளிவந்த ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் விளையாட்டின் இரண்டாம் பகுதி, இவ்வாய்ப்பை எளியோர்க்கும் அளித்தது. 'இந்நிலை ஏற்பட்டால் இதைச் செய்க' என்னும் வடிவில் விதிகளை எழுதிக் கணினிப் பக்கத்தின் அறிவை ஆடுபவரே அமைக்கலாம். தாம் எழுதிய விதிகளுக்கு உயிர் உண்டா என்று அறிய ஒரே வழி, அவற்றை மற்றொரு கணினிப் பக்கத்தோடு மோதவிட்டுப் பார்ப்பதே. எழுதியவரே ஆடினால், வெற்றி விதியினாலா, எதிர்த்து ஆடியவரின் சோர்வினாலா என்பது விளங்காது. கையைக் கட்டிக்கொண்டு பார்ப்பதற்குரிய நியாயம் இங்கேதான் இருக்கின்றது.

போட்டியை அமைக்கும் முறை

இத்தகைய ஆட்டத்தை அமைப்பது எளிது. நடுநிலையாக அமைப்பது எளிதன்று. முதலில் காண்பவர்க்கு இடம் வேண்டும். இக்காலத்து விளையாட்டுகள் பலவற்றில் பார்வையாளருக்கெனத் தனி இருக்கை உண்டு. அஃதில்லாத பழைய விளையாட்டுகளில், ஒரு பக்கத்தைத் தாம் ஏற்று, போரில் கலவாமல் ஒதுங்கி நிற்கவேண்டும். அடுத்து, காண்பவர் கண்ணுக்கு மூடுபனியை விலக்கவேண்டும், பொருபவர்க்கு விலக்கலாகாது. இரு பக்கத்துக்கும் ஒரே வகைக் குடியும் ஒரே அளவு வளமும் தருதல் வேண்டும். சில விளையாட்டுகளில் கடின நிலையைத் தெரிவு செய்தால், கணினியின் அறிவு கூடுவதில்லை. மறைவாக அதற்குக் கூடுதல் வளம் வழங்கப்படுகின்றது. இதனை அறியாதவர் செல்வத்தை அறிவென மயங்குவர். உலக வாழ்விலும் இம்மயக்கம் புதியதன்று.

எல்லாவற்றினும் முதன்மையானது இடமாற்றம். நிலத்தின் ஒரு மூலையில் பொன்னும் காடும் அருகருகே இருக்கலாம். மறுமூலையில் அவை தொலைவில் இருக்கலாம். ஆகவே ஓர் ஆட்டம் முடிந்ததும் இரு பக்கங்களையும் இடம் மாற்றி, அதே நிலத்தில் மீண்டும் ஆடவிடவேண்டும். சதுரங்க நிரல்களுக்கென 2010இல் மார்ட்டின் தோரசன் தொடங்கிய போட்டித் தொடரிலும் இம்முறையே பின்பற்றப்படுகின்றது. ஒரே தொடக்க நிலையை இரு நிரல்களும் ஒருமுறை வெள்ளையாகவும் ஒருமுறை கறுப்பாகவும் ஆடவேண்டும். பின்னர் ஆட்டங்கள் பல நடக்கவேண்டும். ஓர் ஆட்டத்தின் முடிவு ஊழின் விளையாட்டாகவும் இருக்கலாம். பல ஆட்டங்களின் முடிவே திறனைக் காட்டும்.

பொறியின் கல்வி

பொறியொடு பொறி பொருததன் பெரும்பயன் அண்மைக் காலத்தில் விளைந்தது. 2017 டிசம்பரில் டீப்மைண்ட் நிறுவனம் ஆல்ஃபா ஸீரோ என்னும் நிரலை அறிவித்தது. ஆட்ட விதிகள் மட்டுமே அதற்கு வழங்கப்பட்டன. மனிதர் ஆடிய ஆட்டம் ஒன்றையும் அது கற்கவில்லை. தன்னோடு தானே ஆடிக் கற்றது. அந்நாளில் வலிமைமிக்கதாய் விளங்கிய ஸ்டாக்ஃபிஷ் நிரலோடு அது நூறு ஆட்டங்கள் ஆடிற்று. இருபத்தெட்டில் வென்றது, எழுபத்திரண்டு சமநிலையில் முடிந்தன, ஒன்றிலும் தோற்கவில்லை. 2019இல் அதே நிறுவனத்தின் ஆல்ஃபா ஸ்டார், இரண்டாம் ஸ்டார்கிராஃப்ட் விளையாட்டில் மனித வல்லுநரின் உயர்நிலையை எட்டிற்று. தன் போன்ற நிரல்கள் பல ஒன்றோடொன்று பொருத பெருங்களமே அதன் பள்ளிக்கூடம். சாமுவேல் 1959இல் ஆல்பாவையும் பீட்டாவையும் கொண்டு நட்ட விதை, அறுபது ஆண்டுகளில் ஆலமரமாயிற்று எனலாம்.

ஆயினும் ஒன்று மாறவில்லை. 1912இன் பொறியும் 1977இன் கைஸ்ஸாவும் 2019இன் ஆல்ஃபா ஸ்டாரும் நகர்வைக் காட்டின. ஏன் என்னும் வினாவை எழுப்பியவன் மனிதனே. களத்தை நடுநிலையாக அமைத்தவனும், ஆட்டங்களை எண்ணிக் குறித்தவனும், முடிவின் பொருளை ஆராய்ந்தவனும் அவனே. வெறுமனே பார்ப்பதற்கும் நோக்குவதற்கும் உள்ள வேறுபாடு இதில் அடங்கியிருக்கின்றது. விளையாட்டு மாணவரின் காலத்தை விழுங்குகிறது என்னும் கவலை ஆசிரியராகிய நமக்கும் பெற்றோர்க்கும் உண்டு, அக்கவலை பொய்யன்று. கையில் எழுதுகோலும் நெஞ்சில் வினாவும் இன்றி மணிக்கணக்கில் திரையை வெறித்திருப்பது வீணே. ஆனால் எழுதுகோல் இருக்கிறதா என்று பாராமலே தீர்ப்பளிப்பதும் ஆசிரியர்க்கு அழகன்று.

குறிப்பேடு

நான் கடிந்துகொண்டதற்கு இரு வாரங்களுக்குப் பின், வகுப்பாசிரியை ஒரு சிறு குறிப்பேட்டை என் மேசைமீது வைத்தார். "கணக்குப் பாடத்தில் அட்டவணை பற்றி நடத்தினேன் ஐயா. இந்தப் பையன் தானாகவே ஒன்று வரைந்து வைத்திருக்கிறான், பாருங்கள்" என்றார். விரித்துப் பார்த்தேன். கோடு போட்ட தாளில் இருபது ஆட்டங்களின் முடிவுகள். நீலப்படை, சிவப்புப்படை என்று இரண்டு பத்திகள். முதற்பத்து ஆட்டங்களில் நீலம் எட்டில் வென்றிருந்தது. அதன்கீழ்ப் பென்சிலால் ஒரு கோடு. அடுத்த பத்து ஆட்டங்களில் சிவப்பு ஏழில் வென்றிருந்தது. கோட்டின் அருகே, 'இடம் மாற்றினேன்' என்று எழுதியிருந்தான். இருபத்தோராம் வரிசையில் எண் மட்டும் இருந்தது; முடிவு எழுதப்படவில்லை. நான் அணைத்த ஆட்டம் அதுவே.

அவனை அழைத்தேன். அஞ்சியபடியே வந்தான். "ஏன் இடத்தை மாற்றினாய்?" என்று கேட்டேன். சிறிது தயங்கினான். பிறகு, "நீலம்தான் கெட்டிக்காரன் என்று நினைத்தேன் ஐயா. மாற்றிப் பார்த்தால், அந்த மூலையில் யார் இருந்தாலும் ஜெயிக்கிறார்கள்" என்றான்.

நான் சிறிது நேரம் பேசவில்லை. முப்பது ஆண்டுகளுக்கு மேலாகப் பிள்ளைகளைக் கெட்டிக்காரர் என்றும் மந்தமானவர் என்றும் பிரித்து வந்தவன் நான். எந்த மூலையிலிருந்து அவர்கள் புறப்பட்டார்கள் என்பதை எத்தனை முறை கேட்டிருக்கிறேன்? தோட்டப்புற வீட்டில் விளக்கொளியும் அமைதியும் இன்றிப் படித்த பிள்ளையையும், நூல்கள் நிறைந்த வீட்டிலிருந்து வந்த பிள்ளையையும் ஒரே கோட்டில் நிறுத்தி, ஒருமுறை ஓடவிட்டு, வென்றவனைக் கெட்டிக்காரன் என்று எழுதிவைத்தவர் நம்முள் எத்தனை பேர்!

"அன்று உன் ஆட்டத்தை அணைத்தது என் தவறு" என்று அவனிடம் கூறினேன். தலைமையாசிரியர் ஒருவர் மாணவனிடம் இவ்வாறு கூறுவது வழக்கமன்று; அவனுக்கும் என்ன மறுமொழி சொல்வதென்று தெரியவில்லை. அன்று பள்ளி முடிந்தபின் கணினி அறையில் இருவரும் அமர்ந்தோம். அவன் இரு பக்கங்களையும் கணினிக்கே அளித்து ஆட்டத்தைத் தொடங்கினான். நான் அருகில் ஒரு நாற்காலியில் அமர்ந்து, குறிப்பேட்டில் இருபத்தோராம் வரிசையை எழுதுவதற்காக எழுதுகோலைக் கையில் எடுத்துக்கொண்டேன்.